எனக்கு எதிரான மனு

என் நியமனம் செல்லும், சம்பளம் கொடுங்கள் என்று மதுரை ஹைகோர்ட்டில் தீர்ப்பானது. நகலோடு விக்கிரமசிங்கபுரத்தில் பஸ் ஏறிக் கல்வி அலுவலகத்துக்குப் போனேன். எழுத்தர் காபி வாங்கிக் கொடுத்தார். அப்போதே சந்தேகப்பட்டிருக்க வேண்டும்.

"ஸார், ஒங்க தீர்ப்ப எதுத்து அப்பீலுக்குப் போறோம். நீங்க இங்கிலீஷ் வாத்தியார்லா, மனுவக் கொஞ்சம் திருத்திக் குடுங்க. தப்பிருந்தா வக்கீல் ஏசுதாரு."

இங்கிலீஷ் கற்பிக்க எனக்குத் தகுதி இல்லை என்பதுதான் மனுவின் சாரம். அதைப் பக்கம் பக்கமாகத் தப்பும் தவறுமாக எழுதியிருந்தார்கள். நோட்டுத் திருத்தியே பழகிய கை சும்மா இருக்குமா? சிவப்புப் பேனாவை எடுத்துவிட்டேன்.

முதல் விசாரணையிலேயே என் தீர்ப்புக்குத் தடை வாங்கிவிட்டார்கள். எழுத்தர் போனில் கூப்பிட்டு நன்றி சொன்னார்.

"மனு ரொம்பத் தெளிவா இருக்குன்னு ஜட்ஜே சொன்னாராம், ஸார்!"