அலமாரிக் கதவில் இருநூற்று நாற்பது கோடுகள்

புது வார்னிஷ் வாசனை மூக்கை அடைக்கிற ஒரு ஞாயிற்றுக்கிழமை அது...

கரமனைப் பக்கம் வீடு வாங்கிக் குடிவந்த முதல் வாரம். என் வீட்டுக்காரர் படுக்கையறை அலமாரியைத் திறந்து, கதவின் உள்பக்கம் தச்சர் பென்சிலால் கோடு போட்டுக்கொண்டிருந்தார். வரிசைக்குப் பன்னிரண்டு. மொத்தம் இருபது வரிசை. சாலைக் கடைத்தெருவில் சின்ன ஹார்டுவேர் கடை வைத்திருப்பவருக்குப் பென்சிலுக்கா பஞ்சம்!

"புது அலமாரிய எதுக்கு இப்படி நாசமாக்குதீங்க?" என்றேன்.

"இருநூத்திநாப்பது மாசம், ஏட்டி. மாசம் ஒண்ணா குறுக்க அடிச்சிட்டு வந்தா எனக்கு அறுபது ஆகும்போ லோனு தீந்திரும். பின்னே கடைக்கு ஒரு பூட்டு. நான் கல்லாத்துல போய்த் தண்ணியில காலை விட்டுட்டு இருப்பேன், கேட்டியா."

அப்போது அவருக்கு நாற்பது வயது. பெயிண்ட் டின்னும் ஆணி மூட்டையும் தூக்கியே முழங்கால் போய்க்கொண்டிருந்தது. அறுபதுக்கு மேல் ஒரு நாள்கூட அந்த மூட்டையைத் தொட மாட்டேன் என்பதுதான் அவருடைய ஒரே ஆசை.

எங்களுக்கெல்லாம் சிட்டிதான், அதாவது சீட்டுதான், பழக்கம். நாற்பது மாதச் சிட்டி என்றால் நாற்பது மாதத்தில் முடிந்துவிடும். வீட்டு லோனும் அப்படித்தான் என்று நினைத்துக்கொண்டோம். இருபது லட்சம் வாங்கினோம், மாதம் பதினேழாயிரத்துச் சொச்சம் கட்டினோம், ஒவ்வொரு மாதமும் ஒரு கோட்டைக் குறுக்கே அடித்தோம்.

இரண்டு வருஷம் கழித்து வட்டி ஏறுகிறது என்று ஊரே பேசியது. பக்கத்து வீட்டில் மாதத் தவணை கூடிவிட்டது என்று ஒரே புலம்பல். எங்களுக்கும் வங்கியிலிருந்து கடிதம் வந்தது. பயந்துகொண்டே பிரித்தால்... இ.எம்.ஐ.யில் மாற்றம் இல்லை என்று போட்டிருந்தது. அதற்குக் கீழே இருந்ததை யார் படித்தார்கள்!

அன்று சாயங்காலமே பழவங்காடி கணபதி கோயிலில் பதினொரு தேங்காய் உடைத்தோம். "கணபதி நம்மள காப்பாத்திட்டாரு டீ" என்று அவர் கண் கலங்கினார். சிதறிய சில் ஒன்று என் காலில்கூடப் பட்டது.

இத்தனைக்கும் நான் அதே கடைத்தெருவில் மொத்தத் துணிக்கடையில் பில் போடுகிறவள். ஒரு பில்லில் ஒரு ரூபாய் தப்பினாலும் என் கண்ணை உறுத்தும். என் சொந்த வீட்டு லோன் மொத்தம் எவ்வளவில் வந்து நிற்கும் என்று மட்டும் நான் ஒருநாளும் கேட்கவில்லை.

ஆறு வருஷம் போனது. எழுபத்திரண்டு கோடுகள் அடித்தாயிற்று. என் சம்பளத்தில் நான் கட்டிவந்த சிட்டி விழுந்து, மூன்று லட்சம் கையில் வந்தது. மாடியில் ஒரு அறை கட்ட வேண்டும் என்பது என் வெகுநாள் கனவு. ஜன்னலுக்குத் திரைத்துணிகூடக் கடையில் எடுத்து வைத்துவிட்டேன். கொஞ்சம் பணம் குறைந்ததால், கூடுதல் லோன் கேட்க இருவரும் வங்கிக்குப் போனோம்.

கவுண்டரில் எல்லைப் பக்கத்துப் பாறசாலைப் பெண் ஒருத்தி. தமிழ் நன்றாகவே பேசினாள். அசல் இன்னும் பதினேழு லட்சத்துத் தொண்ணூறாயிரம் நிற்கிறது என்றாள். ஆறு வருஷத்தில் பன்னிரண்டரை லட்சம் கட்டியிருக்கிறோம். அசலில் குறைந்ததோ இரண்டே லட்சம்தான்!

"மாசம் நூத்தி அறுபத்தெட்டுதானே பாக்கி?" என்று இவர் கேட்டார்.

"இல்ல சேட்டா, இருநூத்திப் பதினஞ்சு. வட்டி கூடினப்போ இ.எம்.ஐ. கூட்டல, பதிலா மாசத்த கூட்டிட்டாங்க. லெட்டர்ல உண்டாயிருந்தல்லோ."

நாங்கள் தேங்காய் உடைத்தது நாற்பத்தேழு மாதம் கூடியதற்கு!

இவர் விரலை மடக்கி எதையோ எண்ணினார். அறுபத்து நான்கு வயதுவரை மூட்டை தூக்க வேண்டும் என்பதை எண்ணியிருக்கிறார்.

"மோளே, கையில இருக்குற மூணு லட்சத்த இப்பவே இதுல கட்டினா என்ன ஆகும்?" என்று கேட்டேன்.

அவள் தட்டிப் பார்த்துத் திரையை எங்கள் பக்கம் திருப்பினாள். பாக்கி மாதம் நூற்று நாற்பத்தைந்து. மறுபடி தட்டச் சொன்னேன். அதே நூற்று நாற்பத்தைந்து.

அம்மாடி! மூன்று லட்சத்துக்கு எழுபது மாதம். அந்த எழுபது மாதமும் தவணை கட்டினால் பன்னிரண்டு லட்சம். பில் போட்டே தேய்ந்த விரல் இது, ஆனாலும் இப்படி ஒரு கணக்கை நான் கண்டதே இல்லை. ஓசைப்படாமல் இத்தனை பெரிதாக வளர்கிற ஒன்று, இத்தனை சீக்கிரம் சுருங்கவும் செய்யுமா என்று வாயைப் பிளந்து நின்றேன்.

"அப்போ உன் மாடி?" என்றார் இவர்.

"மாடி கிடக்கட்டு. நீங்க கல்லாத்துக்குப் போண்டாமா?"

வீட்டுக்கு வந்ததும் கதவில் நாற்பத்தேழு கோடுகளைக் கூடுதலாகப் போட்டார். பிறகு கீழேயிருந்து மேலாக எழுபதை அடித்தார். புதுக்கோடு எல்லாம் போய், பழையதிலும் இருபத்து மூன்று போனது. பென்சில் முனை இரண்டு தடவை ஒடிந்தது. அவர் சிரித்துக்கொண்டே இருந்தார்.

அதற்குப் பிறகு வங்கியிலிருந்து எந்தக் கடிதம் வந்தாலும் முதலில் மாதத்தைத்தான் பார்ப்போம்.

போன மாதம் லோன் முடிந்தது. இவருக்கு ஐம்பத்தெட்டு. செவ்வாய்க்கிழமை, நல்ல வியாபார நாள், கடையைப் பூட்டிவிட்டுக் கல்லாற்றில் காலை நனைத்துவிட்டு வந்தோம்.

இப்போதெல்லாம் லோனுக்கு வங்கி வரிசையில் நிற்கவே வேண்டாம். என் மகள் சோபாவில் படுத்தபடியே போனில் ஃபிளாட் பார்க்கிறாள். மாதம் இவ்வளவுதான் என்று பெரிய எழுத்தில் வருகிறது. எத்தனை மாதம் என்பது அன்று போலவே பொடி எழுத்தில்தான்... மாடியில் இன்றும் துணிதான் காய்கிறது. அதைப் பார்க்கும்போது எப்போதாவது ஒரு பெருமூச்சு வரும், இல்லை என்று சொல்ல மாட்டேன்.

நேற்று மகள் அலமாரியைத் திறந்தவள், நடுவில் மூன்று கோடுகள் அடிக்காமல் நிற்பதைப் பார்த்துவிட்டாள். கடைசியில் வட்டி கொஞ்சம் இறங்கியதில் மிச்சமானவை அவை.

"லோன்தான் தீந்துபோச்சே அப்பா, இத ஏன் அடிக்காம விட்டீங்க?"

இவர் முழங்காலைத் தடவிக்கொண்டே சொன்னார்:

"அத அடிக்கப்பிடாது மோளே. அந்த மூணு மாசம் நம்மளுதாக்கும்."