காலி அட்டை

என் வீட்டுக்காரர் சுகர் மாத்திரை போடுகிறவர். காலையில் நான் அடுப்படியில் இருக்கும்போது, கூடத்தில் அவர் அட்டையை அழுத்தி மாத்திரையைப் பிதுக்குகிற சத்தம் கேட்கும். டிக் என்று ஒரு சின்னச் சத்தம். அது கேட்டாலே என் கை நின்றுவிடுகிறது. இரண்டு முறை தோசை கருகிப் போனபிறகு, வாசலுக்குப் போய்ப் பிதுக்கிக்கொள்ளுங்கள் என்று சொல்லிவிட்டேன். ஊருக்கெல்லாம் மாத்திரை கொடுக்கிறவள் வீட்டில் மாத்திரைச் சத்தம் ஆகாதாம் என்று அவர் எல்லோரிடமும் சொல்லிச் சிரிக்கிறார். சிரித்துவிட்டுப் போகட்டும் என்று நானும் விட்டுவிட்டேன்.

பிரஷரும் சுகரும் உள்ளவர்களுக்கு வீடு தேடிப் போய் மாத்திரை கொடுப்பதுதான் என் வேலை. ஆம்பூரைத் தாண்டி ஆற்றோரமாக இருக்கிற நாலைந்து தெருக்கள் என்னுடையவை. தோல் பதனிடுகிற ஷாப்பில் வேலை செய்கிற ஆண்களும் ஷூ கம்பெனிக்குப் போகிற பெண்களும்தான் அங்கே ஜாஸ்தி. தோளில் ஒரு பை, அதில் பிரஷர் பார்க்கிற மெஷின், மாத்திரை அட்டைகள், ஒரு நோட்டு. மாதம் ஒருமுறை ஒவ்வொரு வீட்டுக்கும் போவேன். வாரநாளில் கம்பெனிப் பெண்களைப் பிடிக்க முடியாது. அதனால் அவர்களுக்கு மட்டும் ஞாயிற்றுக்கிழமை.

மாத்திரை கொடுப்பது சுலபம். அதை விழுங்க வைப்பதுதான் பாடு. உடம்பு நன்றாக இருக்கிறதே, எதற்கு மாத்திரை என்பார்கள். இரண்டு நாள் போட்டுவிட்டு நாலு நாள் விடுவார்கள். தலை சுற்றினால் அன்றைக்கு மட்டும் இரண்டாகப் போடுவார்கள். எனக்கோ பொறுமை கிடையாது. வாயும் கொஞ்சம் நீளம். அதனால் நானே ஒரு வழக்கத்தைக் கொண்டுவந்தேன். போன மாத அட்டைகளைக் காலியாகக் காட்டினால்தான் புது அட்டை. இப்படிச் செய்யச் சொல்லி மேலே இருந்து யாரும் சொல்லவில்லை. என் மூளையில் உதித்ததுதான். அட்டையில் ஒரு மாத்திரை மிச்சமிருந்தாலும், நாக்கைப் பிடுங்கிக்கொள்கிற மாதிரி கேட்பேன். தோல் ஷாப்பில் தோலை ஊறவைத்துச் சுழற்றுகிற டிரம்மை ஓட்டுகிற ஒருவரை ஒரு நாள் தெருவே வேடிக்கை பார்க்கத் திட்டினேன். அந்த ஆள் தலையைக் குனிந்துகொண்டு நின்றார். அன்றைக்கு எனக்கு அது ரொம்பத் திருப்தியாக இருந்தது.

அந்தத் தெருவில்தான் நான் அக்கா என்று கூப்பிடுகிற ஒருவரின் வீடு. ஷூ கம்பெனியில் தையல் லைனில் பல வருடமாக வேலை. என்னைவிட ஆறேழு வயது பெரியவர். என்னை சிஸ்டரு என்று கூப்பிடுவார். அவர் புருஷனும் தோல் ஷாப்பில்தான். மகளைக் குடியாத்தத்தில் கட்டிக் கொடுத்திருந்தார்கள். அக்காவுக்குப் பிரஷர் கொஞ்சநஞ்சம் இல்லை. அதற்கு இரண்டு மாத்திரை. ஒன்று பிரஷர் மாத்திரை, இன்னொன்று உடம்பில் தேங்குகிற உப்பையும் தண்ணீரையும் சிறுநீராக வெளியேற்றுகிற சின்ன மாத்திரை. இரண்டையும் காலையில் போட வேண்டும்.

மாத்திரை ஆரம்பித்த இரண்டாவது மாதமோ மூன்றாவது மாதமோ, ஒரு ஞாயிற்றுக்கிழமை, நான் நோட்டில் எழுதிக்கொண்டிருக்கும்போது அக்கா தயங்கித் தயங்கிப் பேச்செடுத்தார்.

“சிஸ்டரு, ஒண்ணு கேக்கணும். இந்தச் சின்ன மாத்திரை போட்டா அடிக்கடி ஒண்ணுக்குப் போவணும்போல வருது. கம்பெனில வந்து…”

“அது அப்டித்தாங்கா வரும். உப்புத்தண்ணி வெளிய போனாத்தான் பிரஷர் கம்மியாவும். நல்லதுதான். நீங்க நிறுத்திடாதீங்க.”

“இல்ல சிஸ்டரு, கம்பெனில…”

“அட்டைய எடுத்தாங்கக்கா, இன்னும் ஒம்போது வீடு கீது எனக்கு.”

அவர் உள்ளே போய் அட்டைகளை எடுத்து வந்தார். சின்ன மாத்திரை அட்டையில் பாதிக்குமேல் அப்படியே இருந்தது. நான் பிடித்துக்கொண்டேன். என்னென்ன சொன்னேன் என்று முழுதாக ஞாபகம் இல்லை. கை கால் விழுந்தால் யார் பார்ப்பார்கள் என்று கேட்டது மட்டும் ஞாபகம் இருக்கிறது. அடுத்த மாதம் ஒன்றுகூட மிச்சம் இருக்கக் கூடாது என்றேன். “சரி சிஸ்டரு” என்றார்.

அடுத்த மாதம் ஒன்றுகூட மிச்சம் இல்லை. அதற்கடுத்த மாதமும் இல்லை. வாசலில் என் செருப்புச் சத்தம் கேட்டதும் அட்டைகளை ரப்பர் பேண்டு போட்டு எடுத்துக்கொண்டு வந்துவிடுவார். நான் அவரைத் தலையில் தூக்கி வைத்துக்கொண்டு ஆடாத குறை. அந்தக் காலி அட்டைக் கட்டு ஒன்றைப் பையின் பக்கவாட்டு ஜிப்பில் வைத்துக்கொண்டு, மாத்திரை போடாதவர்கள் வீட்டிலெல்லாம் எடுத்துக் காட்டினேன். “இத பாருங்க, உங்க தெரு பொம்பளதான். விடிகாலைல எழுந்து சமைச்சு வெச்சிட்டு, கம்பெனி பஸ்ஸப் புடிச்சு ஓடறவங்க. ஒரு நாள் உட்டதில்ல. உங்களுக்கு இன்னா கேடு?” அக்கா முன்னாலேயே இரண்டு மூன்று முறை இப்படிப் பேசியிருக்கிறேன். அவர் முந்தானையை இழுத்துவிட்டுக்கொண்டு தரையைப் பார்ப்பார். வெட்கப்படுகிறார் என்று நினைத்தேன்.

ஆனால் பிரஷர் இறங்கவில்லை. மெஷினைக் கட்டினால் ஒவ்வொரு முறையும் அதே கதைதான். ஆரம்ப சுகாதார நிலையத்துக்கு அழைத்துப் போனேன். டாக்டரம்மா நல்லவர், வயதில் சின்னவர். “மாத்திரை கரெக்டா போடறாங்களா?” என்று அக்காவைக் கேட்காமல் என்னைக் கேட்டார். “நூத்துக்கு நூறு டாக்டர். நான் அட்டைய எண்ணித்தான் வாங்கறேன்” என்றேன். அக்கா என் பக்கத்தில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார். வாயைத் திறந்தார், மூடிக்கொண்டார். மாத்திரை வேலை செய்யவில்லை போலிருக்கிறது என்று டாக்டரம்மா சின்ன மாத்திரையின் அளவை இரண்டு மடங்காக எழுதிக் கொடுத்தார். என் வார்த்தையை நம்பித்தான் எழுதினார்.

போன ஆடி மாதம், கம்பெனியில் சாப்பாட்டு மணி அடித்து எல்லோரும் எழுந்தபோது, அக்கா மட்டும் தையல் மெஷினிலேயே சாய்ந்திருக்கிறார். வலது கையும் வலது காலும் போய்விட்டன. பேச்சும் போய்விட்டது. வேலூருக்குக் கொண்டுபோனார்கள். உயிர் தப்பியது.

ஆஸ்பத்திரியிலிருந்து அழைத்து வருவதற்கு முந்தின நாள், குடியாத்தத்து மகள் வீட்டைக் கூட்டிச் சுத்தம் செய்ய வந்திருந்தாள். விசாரித்துவிட்டுப் போகலாம் என்று நானும் போனேன். எனக்குக் காபி போடுகிறேன் என்று அலமாரியில் துழாவியவள், மேல்தட்டில் பின்னால் இருந்த ஒரு பழைய காபித்தூள் டப்பாவை இறக்கினாள். மூடியைத் திறந்து உள்ளே பார்த்தாள். பிறகு செய்தித்தாளை விரித்து அதன்மேல் கவிழ்த்தாள். முழுக்கச் சின்ன மாத்திரைகள். அடியில் இருந்தவை மஞ்சளாகி, ஈரத்தில் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்டிருந்தன. மேலே இருந்தவை வெள்ளையாக, கொஞ்சம் பெரியதாக. அளவைக் கூட்டியபிறகு நான் கொடுத்தவை.

“இன்னா சிஸ்டர் இது?” என்றாள்.

ஒத்தாசைக்கு வந்திருந்த பக்கத்து வீட்டுப் பெண்ணும் அக்காவின் லைனிலேயே வேலை செய்கிறவள். டப்பாவைப் பார்த்ததும் அவளுக்குப் புரிந்துவிட்டது. “லைன் மொத்தத்துக்கும் ஒரே டோக்கன்தான் சிஸ்டர். ஒருத்தி அத எடுத்துக்கினு பாத்ரூம் போய் வந்தாத்தான் அடுத்தவ எழுந்திரிக்க முடியும். ரெண்டாவது வாட்டி கேட்டா சூப்பர்வைசர் எல்லார் எதிர்லயும் கேப்பான், இன்னாம்மா வூட்ல போய்ட்டு வர்றதில்லியான்னு. நாங்கல்லாம் மத்தியானம் வரைக்கும் தண்ணியே குடிக்க மாட்டோம். இந்த மாத்திரையப் போட்டுக்கினு எப்டி குந்துவாங்க? ஒருநாள் அக்காவுக்குப் பொடவையிலயே போய்டுச்சு. அன்னிக்கு முழுக்க எழுந்திரிக்கவே இல்ல. அதுலருந்து ஞாயித்துக்கெழம மட்டும் போட்டுப்பாங்க. மத்த நாளு பிதுக்கி டப்பால போட்டுடுவாங்க. காலி அட்டை இல்லன்னா சிஸ்டரு கத்துவாங்கன்னு சொல்லுவாங்க.”

அவள் என்னைக் குற்றம் சொல்கிற தொனியில் சொல்லவில்லை. மழை பெய்தது என்று சொல்வதுபோலத்தான் சொன்னாள். தினமும் விடிகாலையில், பஸ்ஸுக்கு ஓடுவதற்கு முன்னால், ஒரு மனுஷி அலமாரி முன் நின்று எனக்காக ஒரு மாத்திரையைப் பிதுக்கியிருக்கிறாள். உடம்புக்காக இல்லை, எனக்காக. அன்றிலிருந்துதான் வீட்டில் அந்த டிக் சத்தம் கேட்டால் என் கை நின்றுவிடுகிறது.

டாக்டரம்மாவிடம் டப்பா விஷயத்தைச் சொன்னேன். சொல்லாமல் இருக்க முடியாது. அவர் தலையில் கை வைத்துக்கொண்டார். “ஐயோ, ஒரு வார்த்தை சொல்லியிருந்தா இதுக்கு வேற மாத்திரை மாத்திக் கொடுத்திருப்பேனே. தண்ணி போகாத மாத்திரை எத்தனையோ இருக்கே. ஏன் இவங்கல்லாம் வாயத் தொறந்து சொல்ல மாட்டேங்கறாங்க?” என்றார். மேசைமேல் இருந்த பேப்பர்வெயிட்டையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அந்த ஒரு வார்த்தையை அக்கா சொன்னார். என்னிடம்தான் சொன்னார். “கம்பெனில” என்று இரண்டு முறை ஆரம்பித்தார். அதை நான் டாக்டரம்மாவிடம் சொல்லவில்லை. பயம். வேலை போய்விடும் என்கிற பயம்கூட இல்லை, டாக்டரம்மா என்னைப் பார்க்கிற பார்வை மாறிவிடும் என்கிற பயம்.

அக்கா வீட்டுக்கு வந்தபிறகு இரண்டு வாரத்துக்கு ஒருமுறை போனேன். வேறு மாத்திரை, நேரம் மாற்றி. அக்காவின் புருஷன், நான் அண்ணன் என்று கூப்பிடுகிறவர், தோல் ஷாப் வேலையை விட்டுவிட்டு வீட்டோடு இருந்தார். கட்டிலில் அக்காவைச் சாய்த்து உட்கார வைத்துக் கஞ்சி ஊட்டுவார். நல்ல மனுஷன். ஆனால் ஊட்டும்போதெல்லாம் ஒரே பல்லவிதான்.

“வாயத் தொறந்து ஒரு வார்த்தை சொன்னியாடி யாருகிட்டயாவது? டாக்டரம்மாவே சொல்லிச்சே, மாத்திக் கொடுத்திருப்பேன்னு. எல்லாத்தையும் டப்பால கொட்டி வெச்சிக்கினு, வந்தவங்களுக்குக் காலி அட்டையக் காட்டி ஏமாத்தினியே. உன்னால இந்த சிஸ்டருக்கு எவ்ளோ பேஜாரு!”

அப்போது அக்கா என்னைப் பார்ப்பார். அவருக்குப் பேச்சுத்தான் இல்லை, எல்லாம் புரியும். முகத்தில் பாதி அசையாது. ஆனால் கண் இரண்டும் நேராக என்மேல் வந்து நிற்கும். கோபமா என்றால் கோபம் தெரியவில்லை. அண்ணன் கேட்ட கேள்விக்குப் பதில் என்னிடம் இருக்கிறது என்று அவருக்குத் தெரியும், அவ்வளவுதான். நான் மெஷினைக் கட்டுகிறேன், காற்றை அடிக்கிறேன், எண்ணை எழுதுகிறேன். கண் விலகாது. வெளியே வந்து செருப்பை மாட்டும்போதும் முதுகில் அது இருக்கும்.

காலையில் கம்பெனி பஸ் என்னைத் தாண்டிப் போனால், ஜன்னலோரத்தில் உட்கார்ந்திருக்கிற ஒவ்வொரு முகமும் அக்காவின் முகமாகவே தெரிந்தது. யாராவது காலி அட்டையை நீட்டினால் வாங்கக் கை வரவில்லை. பையின் பக்கவாட்டு ஜிப்பில் அந்த அட்டைக் கட்டு அப்படியே இருந்தது. தூக்கிப் போடலாம் என்று ஒருநாள் குப்பைத்தொட்டி வரைக்கும் போய்விட்டுத் திரும்பினேன்.

ஆறு மாதம் இப்படியே போனது. தை மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை போனபோது அண்ணன் அக்காவுக்குத் துணி மாற்றிவிட்டுக் கை கழுவிக்கொண்டு வந்தார். மறுபடியும் அந்தப் பல்லவியை ஆரம்பித்தார். சலிப்பில் குரல் கொஞ்சம் உயர்ந்துவிட்டது. “யாருகிட்டயாவது சொன்னியாடி நீ? சொன்னியா?” அக்காவின் கண்ணிலிருந்து தண்ணீர் இறங்கியது. துடைத்துக்கொள்ளக்கூட அவர் இடது கையைத் தூக்கவில்லை. என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“சொன்னாங்கண்ணா” என்றேன்.

அவர் திரும்பினார்.

“என்கிட்டதான் சொன்னாங்க. ஆரம்பத்துலயே. கம்பெனில முடியலன்னு சொல்ல வந்தாங்க. நான்தான் கேக்கல. எனக்கு நேரமாவுதுன்னு அட்டைய எடுத்தாரச் சொன்னேன். திட்டினேன். அதுக்கப்பறந்தான் அவங்க டப்பால போட ஆரம்பிச்சாங்க.”

இதைச் சொல்லும்போது என் கையில் அந்தப் பழைய அட்டைக் கட்டு இருந்தது. எப்போது ஜிப்பைத் திறந்தேன் என்று தெரியவில்லை. கட்டிலின் ஓரத்தில் அதை வைத்தேன்.

அண்ணன் அட்டைக் கட்டையும் பார்க்கவில்லை, என்னையும் பார்க்கவில்லை. திட்டுவார், அடிக்கக்கூட வருவார் என்று எதிர்பார்த்தேன். வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும். அவர் மெதுவாகப் போய்க் கட்டிலில் அக்காவின் கால்மாட்டில் உட்கார்ந்தார்.

“மாத்திரைய வெச்சிட்டுப் போ சிஸ்டர்” என்றார்.

வைத்தேன். எதை எப்போது போட வேண்டும் என்று அட்டையின் பின்பக்கத்தில் எழுதினேன். பையை மாட்டிக்கொண்டு வாசல்படி இறங்கும்போது வழக்கம்போல முதுகு கூசியது. திரும்பிப் பார்த்தேன். அக்கா என்னைப் பார்க்கவில்லை. தன் புருஷனைப் பார்த்துக்கொண்டிருந்தார்.