மங்கிய நாலு பக்கம்

அவர் மேலூர்ப் பக்கத்து மிஷன் பள்ளியில் குமாஸ்தாவாக இருந்து ஓய்வு பெற்றவர். சட்டைப் பையில் எப்போதும் ஒரு மைப்பேனா இருக்கும். நான் ஜூனியராக இருந்த வக்கீல் ஆபீசில் காத்திருந்தபோதே, காலண்டரில் அச்சு சரியாக விழாத ஒரு தேதியைப் பேனாவால் நிரப்பிவிட்டுத்தான் உட்கார்ந்தார்.

அவர் மகன் குண்டர் சட்டத்தில் உள்ளே இருந்தான். ஏன் அடைத்தோம் என்று சிறையில் அவனுக்குக் கொடுத்த நகல்களைப் பற்றி முந்தின வாரம் போனில் சொன்னார்: "நாலு பக்கம் வாசிக்கவே முடியல தம்பி."

எனக்கு உள்ளூரச் சந்தோஷம். வாசிக்க முடியாத தாளுக்குக் கைதி எப்படி மறுப்பு எழுதுவான்? அதைக் காட்டியே அவனை அடைத்த ஆணையை ரத்து செய்யக் கோர்ட்டில் கேட்கலாம். அதை அவரிடம் விளக்காமல், "கொண்டு வாங்க சார்" என்று மட்டும் சொன்னேன்.

கொண்டுவந்தார். மங்கிய எழுத்து ஒவ்வொன்றின் மேலும் பேனா ஓடியிருந்தது. முத்து முத்தான கையெழுத்து.

"வக்கீலய்யா வாசிக்கச் சிரமப்படக் கூடாதுல்ல. ரெண்டு நாள் உக்காந்தேன்."

விஷயத்தைச் சொன்னேன். அவர் அந்தப் பக்கங்களை மெதுவாகப் புரட்டினார்.

"அப்ப எம் மகன் மேல சொன்ன அம்புட்டையும் நானே எழுதிக் கொடுத்திருக்கேனா தம்பி?"

"வேற காரணம் கிடைக்கும் சார், பாப்போம்" என்று ஆட்கொணர்வு மனுவைக் கையெழுத்துக்காக அவர் முன் வைத்தேன்.

பையில் பேனா இருந்தது. அவர் இடது கைப் பெருவிரலை நீட்டி, "மை இருக்கா?" என்று கேட்டார்.

ஸ்டாம்ப் பேடைத் திறந்து அவர் பக்கம் நகர்த்தினேன்.