பென்சனுக்குப் பிறகு முடித்த கலியாணம்

என் மூத்த பேத்தி பள்ளிக்கூடத்தில் ஏ.எல். சோதனைக்குப் படிக்கிறாள். நானோ அரசாங்கத்தின் கணக்கில் இப்போதுதான் கலியாணம் முடித்த புதுப்பெண்.

பென்சனைக் கூட்டிக் கேட்கப் போனதில் வந்த வினை இது. என் வீட்டுக்காரர் நீர்ப்பாசனக் கந்தோரில் வேலை செய்து ஓய்வுபெற்றவர். அவர் வெளியே வந்த பிறகு சம்பளத் திட்டத்தை மாற்றினார்கள். அவரிடம் வேலை பழகியவர்கள் பிந்தி ஓய்வுபெற்று, அவரைவிடக் கூடுதலாகப் பென்சன் எடுக்கிறார்கள். சம்பள முரண்பாடு என்று ஊர்வலம் போனார், மகஜர் கொடுத்தார். வெயிலில் நின்று தொண்டை கட்டியதுதான் மிச்சம். "எல்லாரும் ஒரே மதகைத்தானே திறந்தம்?" என்று சோற்றுக் கோப்பைக்கு முன்னால் இருந்து என்னிடம் கேட்பார். நானா சம்பளம் போட்டேன்? கேட்டுக் கேட்டு எனக்கு அலுத்துப்போயிற்று.

பிறகு பாரிசவாதம் வந்து அவரை ஒரு பக்கம் விழுத்திவிட்டது. மகஜருக்குப் பின்னால் அலைகிற வேலை என் தலையில் விழுந்தது. பஸ் ஏறி மட்டக்களப்புக்குப் போனேன். கந்தோரில் இருந்த பிள்ளைக்கு என் மகளின் வயதுதான் இருக்கும். கதிரை தந்து இருக்கச் சொன்னாள். பைலைப் புரட்டிக்கொண்டு போனவள் ஓரிடத்தில் நின்றாள்.

"அம்மா, ஐயா பென்சனுக்கு வந்த பிறகா நீங்க கலியாணம் முடிச்சீங்க?"

"என்ன மகள் கேக்குறாய்? எனக்குப் பேரப்பிள்ளை இரிக்கி."

"கலியாணப் பதிவுத் துண்டுல திகதி அப்பிடித்தானே இரிக்கி. இப்பிடியெண்டா ஐயாவுக்குப் பிறகு உங்களுக்கு விதவைப் பென்சன் வராதும்மா."

உள்ளதும் போச்சுடா நொள்ளைக் கண்ணா என்பது இதுதான்.

எங்கள் கலியாணம் அம்மன் கோயிலில் நடந்தது. அந்தச் சண்டை நாளில், வாவிக்கு இந்தப் பக்கம் எங்கள் படுவான்கரையில் ஆர் கலியாணம் பதிந்தார்கள்? பதிவதென்றால் ஓடத்தில் வாவியைக் கடந்து, ஆமிச் சென்றிகளையும் கடந்து போகவேண்டும். போன இளந்தாரி திரும்பி வருவான் என்று ஒருவரும் சொல்ல முடியாது. தாலியைக் கட்டி ஊருக்குச் சோறு போட்டால் கலியாணம் முடிந்தது. ஊரில் பாதிப் பேர் அப்படித்தான் குடும்பம் நடத்தினோம்.

அவர் பென்சனுக்கு வந்த பிறகுதான் ஒரு கூட்டாளி, "கலியாணத் துண்டு ஒண்டை எடுத்து வையுங்க, இல்லாட்டி மறுகா கரைச்சல்" என்று புத்தி சொன்னார். நல்ல மனசோடுதான் சொன்னார். பேத்தி விழுந்து விழுந்து சிரிக்க, நரைத்த தலையோடு போய்க் கையெழுத்து வைத்தோம். பதிவுகாரர் அன்றைய திகதியைப் போட்டார். வேறெந்தத் திகதியைப் போடுவார்?

பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ்களைக் கொண்டுபோய்க் காட்டினேன். பெற்றோர் விவாகம் செய்தவர்களா என்று அதில் ஒரு கூடு இருக்கிறது. இரண்டு மகள்மாருக்கும் அதில் "இல்லை" என்று எழுதியிருந்தது. பள்ளிக்கூடத்தில் சேர்க்க, அடையாள அட்டை எடுக்க என்று எத்தனை தரம் அந்தத் துண்டுகளைத் தூக்கிக்கொண்டு திரிந்தேன். அந்தக் கூட்டை ஒருநாளும் வாசித்ததில்லை.

கோட்டுக்குப் போய் நிரூபிக்கலாம் என்றாள் அந்தப் பிள்ளை. தாலி கட்டினதைக் கண்ணால் கண்டவர்கள் வந்து சொல்ல வேண்டுமாம். கண்டவர்களில் பூசாரியார் செத்துவிட்டார். என் அண்ணன்மார் இருவரும் சண்டைக்காலப் பிரச்சினைக்குள் செத்துப்போனார்கள். அப்பா, அம்மா இல்லை. அன்று சோறு தின்ற சனமும் இடம்பெயர்ந்து சிதறிவிட்டது. நான் ஆரைக் கூட்டிக்கொண்டு போவது?

எங்கள் பக்கத்தில் வீடு வளவெல்லாம் பெண்பிள்ளைக்குச் சீதனம். இருந்ததை இரண்டு பேருக்கும் எழுதியாயிற்று. இளையவளின் வீட்டில் ஓர் அறையில் இருக்கிறோம். மருமகன் தங்கமான பிள்ளை. அதற்காக ஒரு தலையிடிப் பனடோலுக்கு அவரிடம் கை நீட்ட முடியுமா? எனக்குப் பயமாக இருக்கிறது, வெட்கமாகவும் இருக்கிறது.

இப்போது அவர் இரண்டு தரம் இருமினால் எனக்கு நெஞ்சு திடுக்கிடுகிறது. அது அவருக்காகவா, பென்சனுக்காகவா என்று என்னால் பிரிக்க முடியவில்லை. இவ்வளவு காலம் சேர்ந்து வாழ்ந்த மனிசனைப் பற்றி அப்படியொரு நினைப்பை எனக்குள் வைத்துவிட்டார்களே, அதைத்தான் என்னால் மன்னிக்க முடியவில்லை.

அவரிடம் மறைக்கத்தான் நினைத்தேன். சோறு பிசைந்து வாயில் தீத்தும்போது "கந்தோரில என்ன சொன்னாங்க?" என்று கேட்டார். சொல்லிவிட்டேன். வாய்க்குள் இருந்ததை நெடுநேரம் மென்றார். பிறகு சொல்லை இழுத்து இழுத்து,

"இஞ்சகா, எனக்கு முந்தி நீ போயிரு" என்றார்.

பூவோடும் பொட்டோடும் போகவேண்டும் என்று அம்மனிடம் நானே கேட்டிருக்கிறேன். பெண்கள் எல்லோரும் கேட்பதுதான். அவர் வாயால் வந்தபோது கோபம் வரவில்லை. எல்லாக் கணக்கும் பார்த்துத்தான் மனிசன் சொல்கிறார், கணக்கும் சரியாகத்தான் இருக்கிறது.

"நான் போனா உங்களுக்கு ஆர் தீத்துற?" என்றேன்.

அதை அவர் யோசித்திருக்கவில்லை. மறுமொழி சொல்ல வாயைத் திறந்தார். நான் அடுத்த பிடி சோற்றை வைத்தேன்.