நாலு ஆணிக்கு நடுவே

மலைக்காட்டின் ஓரத்தில் இருக்கும் வனத்துறை விடுதியில் பன்னிரண்டு வருஷமாகச் சமையலும் பெருக்கலும் ஒருத்தி கையில்தான். அவளைப் பளிச்சக்கா என்றுதான் எல்லாரும் கூப்பிடுவார்கள். பாத்திரத்தின் அடியைத் திருப்பிப் பார்த்துத்தான் அடுக்குவாள். விருந்தாளி எழுந்து நாலடி நடப்பதற்குள் அவர் உட்கார்ந்த நாற்காலியைத் துடைத்து, போகிற மனுஷரைச் சங்கடப்படுத்துவாள். புருஷன் செத்த வருஷம் யார் யாரிடமோ பேசி இந்த வேலையை வாங்கித் தந்தது, சரிவுக்குக் கீழே பேக்கரி வைத்திருக்கும் கொழுந்தன்.

பெரிய அதிகாரி வருகிறார் என்று ஒரு நாள் தகவல் வந்தது. படி, தொட்டி, சாக்கடை மூடி என்று எல்லாவற்றையும் தேய்த்து முடித்த பிறகும் வாளியில் சோப்புத் தண்ணீர் மிச்சம் இருந்தது. வீணாக்க மனசு வருமா? சமையலறைக்குப் பின்னால் ஒரு பெரிய மரம். இத்தனை வருஷம் விறகு அடுக்கு அதை மறைத்திருந்தது. கேஸ் வந்து விறகு ஒழிந்ததும் மரம் பளிச்சக்காவின் கண்ணில் பட்டது. பட்டை மேல் உள்ளங்கை அகலத்துக்குச் சாம்பலும் பச்சையுமாக, ஓரமெல்லாம் சுருண்டு, சொறி பிடித்த மாதிரி ஒன்று. சுற்றிலும் நாலு செம்பு ஆணி. எவனோ கொடி கட்ட அடித்திருப்பான் என்று நினைத்துக்கொண்டு பிரஷ்ஷைப் போட்டாள். கால்மணி நேரத்தில் சொறியும் இல்லை, ஒன்றும் இல்லை.

அடுத்த மாதம் பாசியம்மா வந்தாள். வருஷத்துக்கு ஒரு தடவை வந்து மரப்பாசிகளை அளந்து போகிற ஆராய்ச்சிக்காரி. பளிச்சக்கா டீயோடு பின்பக்கம் போனபோது, அவள் நாலு ஆணிக்கு நடுவே ஒரு கண்ணாடித்தாளை ஒட்டிப் பிடித்துக்கொண்டு நின்றாள். போன வருஷம் பாசியின் ஓரத்தைக் கோடு இழுத்த தாள். தாளில் பாசி இருந்தது. மரத்தில் இல்லை.

“இங்க இருந்த பாசி எப்பப் போச்சு?”

“எதும்மா?”

“பத்தொம்பது வருஷமா அளக்கறேன். வருஷத்துக்கு ஒரு அரிசி கனம்தான் வளரும். குளிரும் சுத்தமான காத்தும் இல்லன்னா செத்துரும்.”

வேலைக்குச் சேர்ந்த புதிதில் இதே அம்மாள் சமையலறை வாசலில் நின்று, விறகுக்குப் பின்னால் இருக்கும் மரத்தை மட்டும் தொடாதீங்க என்று சொன்னது பளிச்சக்காவுக்கு இப்போதுதான் ஞாபகம் வந்தது. பால் பொங்கி வந்த நேரம் அது. ‘சரிம்மா, சரிம்மா’ என்று தலையை ஆட்டிவிட்டு அடுப்பைப் பார்க்க ஓடியவள்தான். தலையாட்டக் காது எதற்கு?

“தெரியலம்மா. இந்த வருஷம் மழ ஜாஸ்தி.”

பாசியம்மா சரிவைப் பார்த்தாள். பேக்கரிப் புகைக்கூண்டு தெரிந்தது. “மேல காட்டுல எல்லாம் நல்லா இருக்கு. இங்க மட்டும் போயிருக்குன்னா அந்தப் புகைதான். எழுதிக் குடுத்தா ஆபீஸ்ல அந்த விறகு அடுப்ப மூடச் சொல்லிருவாங்க.” நோட்டில் ஒரு வரி எழுதிக்கொண்டாள்.

பளிச்சக்கா டீ டம்ளரை அவள் பக்கத்தில் வைத்துவிட்டு உள்ளே போனாள்.

சாயங்காலம் கொழுந்தன் வழக்கம்போல ரொட்டி கொண்டுவந்தார்.

“அண்ணி, ஒரு அம்மா நம்ம புகைக்கூண்ட நாலு பக்கமும் போட்டோ எடுத்துட்டுப் போறாங்க. நம்ம ரொட்டி பேரு எங்கயோ போயிருச்சு போல.”

“ம்.”

“என்ன ம்? உங்களுக்கும்தான் பெருமை. நாளைக்கு அந்த அம்மாவுக்கு ஒரு கேக் குடுத்துரலாமா?”

“தம்பி, நீங்க கொஞ்சம் பேசாம இருங்க.”

“சரி சரி. துடைச்ச தர காயலயா? செருப்பக் கழட்டிட்டுத்தான் வந்தேன்.” சிரித்துக்கொண்டே போனார். அவர் வைத்த ரொட்டி சூடாறிக் கிடந்தது. ஒரு விள்ளல்கூட அவளுக்கு இறங்கவில்லை.

காலையில் பாசியம்மா பெட்டியைக் கட்டிக்கொண்டிருந்த அறைக்குள் பளிச்சக்கா பிரஷ்ஷோடு போய் நின்றாள். எத்தனை அலசியும் நாருக்குள்ளிருந்து போகாத சாம்பல் பொடி அதில் இருந்தது.

“புகை இல்லம்மா. நான்தான் தேச்சேன்.”

பாசியம்மா பிரஷ்ஷை வாங்கி வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள்.

“சோப்புப் போட்டா?”

“ரெண்டு தடவ.”

“நேத்தே சொல்லியிருக்கலாமே.”

“வேல போயிரும்னு பயந்துட்டேன். அது என் கொழுந்தன் அடுப்பு. அத மூடிருவாங்கன்னதுக்கு அப்புறமும் சொல்லல பாருங்க, அதுதான்…”

பாசியம்மா நோட்டைத் திறந்து நேற்று எழுதிய வரியை அடித்தாள். பக்கத்தில் இரண்டு சொல் எழுதினாள்: தேய்த்ததில் அழிந்தது. யார் என்று எழுதவில்லை. திட்டவும் இல்லை. நாலு வார்த்தை திட்டியிருந்தால் பளிச்சக்காவுக்கு அன்றைக்குச் சோறு இறங்கியிருக்கும்.

இது நடந்து நாலு வருஷம் ஆகிறது. பாசியம்மா இப்போதும் வருகிறாள், மேல் காட்டு மரங்களை அளக்கிறாள், டீ நன்றாக இருக்கிறது என்கிறாள். பின்பக்கம் மட்டும் போவதில்லை. கொழுந்தனுக்கு இன்றுவரை எதுவும் தெரியாது. ரொட்டி கொண்டுவரும்போதெல்லாம் பளிச்சக்கா அவர் முகத்தைப் பார்க்காமல் கூடையை வாங்குகிறாள்.

போன வாரம் அந்த நாலு ஆணிக்கு நடுவே கடுகு அளவில் ஒரு சாம்பல் புள்ளி தெரிந்தது. பாசியா, குருவி எச்சமா என்று புரியவில்லை. ஈரத்துணியால் ஒரு தடவை துடைத்தால் தெரிந்துவிடும். துணி கையில்தான் இருந்தது. அதைப் பின்னால் வைத்துக்கொண்டு, பளிச்சக்கா வெகுநேரம் பார்த்தபடி நின்றாள்.