ஒரே இடைவெளியில் சுட்ட துப்பாக்கி

எனக்கு நிச்சயம் ஆனவர் முதன்முதலில் அனுப்பிய வீடியோவில் ஒரு சின்னச் சிப்பாய் காட்டுக்குள் ஓடிக்கொண்டே சுட்டுக்கொண்டிருந்தான். மற்ற பெண்களுக்கு ரோஜாப்பூவும் காலை வணக்கமும் வரும். எனக்கு இது வந்தது. ஆடுவதைக் காட்டச் சொல்லிக் கேட்டது நான்தான். பெண் பார்க்க வந்த அன்று எங்கள் இருவரையும் தனியாகப் பேசச் சொல்லி உள்ளறையில் உட்கார வைத்தார்கள். பொழுது எப்படிப் போகும் என்று கேட்டார். பழைய டிவி கேம் ஆடுவேன் என்றேன். அவர் முகம் மலர்ந்தது. எந்த கேம் என்று கேட்டுக்கொண்டோம். இருவரும் ஒரே கேமைச் சொன்னோம். ஜோசியர் பார்த்த பொருத்தங்களைவிட எனக்கு அது பெரிதாகப் பட்டது.

கும்மிடிப்பூண்டிப் பக்கத்து ஆரணிக்கு அருகே எங்கள் ஊரில், நெல்வயல் வைத்திருந்த ஒருவர் வீட்டில் அந்த கேமை டிவியில் கேசட் செருகி ஆடுவார்கள். நாங்கள் ஜன்னலுக்கு வெளியே நின்று பார்ப்போம். கன்ட்ரோலரை யாரும் என் கையில் கொடுத்ததில்லை. பாலிடெக்னிக் சேர்ந்து லேப்டாப் கிடைத்த பிறகுதான் முதன்முதலில் அந்தச் சிப்பாயை நானே ஓடவைத்தேன்.

இப்போது அதற்கு டிவியும் வேண்டாம், கேசட்டும் வேண்டாம். எமுலேட்டர் என்று ஒரு ஆப் இருக்கிறது. அந்தக் காலத்து மெஷின் போல நடித்து, பழைய கேமைப் போனுக்குள் ஓடவைக்கும். திரையின் இடதுபக்கம் நடக்கவைக்கும் பட்டன்கள். வலதுபக்கம் குதிக்க ஒன்று, சுட ஒன்று. ஏமாற்றி ஜெயிக்க சீட் கோடு போட அதிலேயே ஒரு பக்கம் உண்டு. சில எழுத்துகளைத் தட்டினால் எத்தனை முறை செத்தாலும் உயிர் குறையாது. வேறு சிலவற்றைத் தட்டினால் பட்டனைத் தொடாமலே துப்பாக்கி சுட்டுக்கொண்டிருக்கும். நான் அந்தப் பக்கத்தைத் திறந்ததே இல்லை.

காரணம் இருக்கிறது. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடம் போய்ப் படித்து முடித்த முதல் ஆள் நான். டிப்ளமோவில் முதல் வகுப்பில் தேறியபோது, அந்த வயல்காரர் நைனாவிடம் கேட்டாராம்: "இன்னாடா, பொண்ணுக்கு மார்க்கு போட யாரப் புடிச்ச?" அப்பாவை நாங்கள் நைனா என்றுதான் கூப்பிடுவோம். அவர் அதைச் சிரித்துக்கொண்டே வீட்டில் வந்து சொன்னார். நான் சிரிக்கவில்லை. அன்றிலிருந்து எனக்கு ஒரு வீம்பு. எதை ஜெயித்தாலும் என் கையால் ஜெயித்ததாக இருக்க வேண்டும், அது செல்போன் விளையாட்டாக இருந்தாலும்.

கும்மிடிப்பூண்டி தொழிற்பேட்டையில் வண்டி உதிரிபாகம் செய்யும் ஒரு கம்பெனியில் குவாலிட்டி செக்கிங்கில் இருக்கிறேன். சந்தேகப்படுவதற்குத்தான் எனக்குச் சம்பளம். ஒருவர் உண்மையாகவே அளந்து எழுதினால் அளவுகள் கொஞ்சம் ஏறும், கொஞ்சம் இறங்கும். எல்லாம் ஒரே எண்ணாக இருந்தால் அவர் அளக்கவே இல்லை, டீ குடிக்கப் போயிருக்கிறார் என்று அர்த்தம்.

அவர் அனுப்பிய வீடியோவை கம்பெனி பஸ்ஸில் இயர்போன் மாட்டிக்கொண்டு, கண்ணை மூடிக் கேட்டேன். துப்பாக்கிச் சத்தம் தையல் மெஷின் போல ஒரே இடைவெளியில் விழுந்தது. அருவிக்கு மேலே தாவும் இடத்தில் யாருக்கும் விரல் தடுமாறும். அங்கேயும் அதே இடைவெளி. கண்ணைத் திறந்து பார்த்தேன். சிப்பாய் ஒரு குண்டு பட்டு விழுந்தான், எழுந்தான். மேலே உயிர் எண்ணிக்கை அப்படியே நின்றது.

அன்று சாயங்காலம் போனில் கேட்டேன். "கோடு போட்டு ஆடுனீங்களா?"

"நானா? சேச்சே. எல்லாம் கையிலதான். சின்ன வயசுலேர்ந்து ஆடுறேன் இல்ல?"

"சுடுற சத்தம் ஒரே மாதிரி கீதே."

"எல்லாம் பழக்கம்தான்" என்று சிரித்தார். அந்தச் சிரிப்பு கொஞ்சம் அவசரமாக வந்தது.

விளையாட்டில் கோடு போடுவது குற்றமில்லை. கேட்டால் ஆமாம் என்று சொல்லிவிட்டுப் போகலாம். ஒன்றுமில்லாத விஷயத்துக்கே இவ்வளவு சுலபமாகப் பொய் வருகிறது என்றால், விஷயம் இருக்கிற இடத்தில் என்னென்ன சொல்லியிருப்பார்? எனக்கு உடனே நினைவுக்கு வந்தது அவர் வேலை. பர்மனென்ட் என்று சொன்னதால்தான் நைனா இந்தச் சம்பந்தத்துக்குத் தலையாட்டினார். நைனா கம்பெனி கம்பெனியாகக் கான்ட்ராக்டில் வேலை செய்தவர். நாளைக்கு வராதே என்று ஒருவர் கேட்டில் சொன்னால் அத்தோடு முடிந்தது. தன் பெண்ணுக்கு அந்தப் பிழைப்பு வேண்டாம் என்பது அவருடைய ஒரே கணக்கு.

வீட்டில் சொன்னேன்.

"பொய்யி சொன்னாரா? கேம்லயா?" நைனாவுக்குச் சிரிப்பு தாங்கவில்லை. "அதுக்கு இன்னா, பஞ்சாயத்து வெக்கலாமா?"

அம்மாவுக்குக் கோபம் வந்தது. "ரெண்டு கையாலயும் டம்ளர வாங்கனாருடி. இந்தக் காலத்துல எந்தப் புள்ள அப்டி மரியாதயா வாங்குது?" பெண் பார்த்த அன்று நான் கொடுத்த காபியை அவர் இரண்டு கைகளையும் நீட்டி வாங்கினார். அதை அம்மா தெரு முழுக்கச் சொல்லிவிட்டிருந்தாள்.

"ஞாயித்துக்கெயம முடிஞ்சதும் பத்திரிகை அடிக்கக் குடுக்கப்போறேன்" என்றார் நைனா. "படிச்ச பொண்ணு நீ. படிச்சிட்டோம்னு எல்லாத்தையும் பேஜாரு பண்ணாத."

பத்திரிகை அச்சுக்குப் போய்விட்டால் பிறகு நான் எதைக் கண்டுபிடித்தும் பயனில்லை. அதற்கு முன்னால் எனக்குத் தெரிந்தாக வேண்டும்.

எங்கள் பக்கத்தில் ஒருவர் பர்மனென்டா, கான்ட்ராக்டா என்று வாயால் கேட்க வேண்டியதில்லை. எதிலிருந்து இறங்குகிறார் என்று பார்த்தால் போதும். பர்மனென்டுக்குக் கம்பெனி பஸ். கான்ட்ராக்டுக்கு, ஆளை அடைத்துக்கொண்டு வரும் வேன். அவர் ஷிஃப்ட் முடிந்து புதுவாயல் கூட்டுரோட்டில் இறங்குவார் என்று எனக்குத் தெரியும். அரைநாள் பர்மிஷன் போட்டுவிட்டு அங்கே போய், வாழைத்தார் தொங்கிய ஒரு பெட்டிக்கடை ஓரமாக நின்றேன். ஒரு வேன் வந்து நின்றது. இறங்கிய ஒவ்வொரு முகத்தையும் பார்த்தேன். இல்லை. அதன் பிறகு கம்பெனி பஸ் வந்தது. அதிலிருந்து அவர் இறங்கினார்.

அது உண்மைதான். திரும்பிப் போயிருக்கலாம். ஆனால் ஒரு அளவு சரியாக இருக்கிறது என்பதற்காக மீதியை அளக்காமல் விட்டுவிட முடியாது. நின்றேன்.

கூட இறங்கிய நண்பரோடு அவர் எதிர்க்கடையில் தண்ணீர் பாட்டில் வாங்கினார். வாங்கியதும் அதை நண்பரிடம் நீட்டினார். நண்பர் பேசிக்கொண்டே மூடியைத் திருகித் திறந்து திருப்பிக் கொடுத்தார். இவர் கேட்கவில்லை, அவரும் ஏன் என்று பார்க்கவில்லை. நாள்தோறும் நடக்கிற காரியம் போல இருந்தது. அடுத்து போனை எடுத்தார். இடது கையால் எடுத்து, இடது கட்டைவிரலால் தட்டினார். வலது கை பேன்ட் பாக்கெட்டுக்குள் போயிருந்தது. எங்கள் நிச்சயப் போட்டோக்கள் எல்லாவற்றிலும் அந்தக் கை பாக்கெட்டில்தான் இருந்தது என்பது எனக்கு அங்கே உறைத்தது.

ரோட்டைத் தாண்டிப் போய் அவர் முன்னால் நின்றேன்.

"இங்க இன்னா பண்றீங்க?" என்றார். முகம் வெளுத்துவிட்டது.

"நீங்க பஸ்ல வர்றீங்களா, வேன்ல வர்றீங்களான்னு பாக்க வந்தேன்."

நண்பர் பக்கென்று சிரித்துவிட்டார். "டேய், இன்ஸ்பெக்‌ஷன் வந்துகிதுடா. பாஸா ரிஜெக்டான்னு கேட்டுக்கோ. நான் கெளம்பறேன்." சொன்னபடியே கிளம்பியும் போனார்.

"வலது கையக் காட்டுங்க" என்றேன்.

கொஞ்ச நேரம் லாரிகளையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு கையை வெளியே எடுத்து விரித்தார். ஐந்து விரலும் இருந்தன. மடக்கச் சொன்னேன். நான்கு மடங்கின. கட்டைவிரல் குச்சி போல நீட்டிக்கொண்டு நின்றது. அதன் அடியில் ஒரு தையல் வடு.

"ப்ரெஸ்ல மாட்டிகிச்சி. விரலு போவல, நரம்புதான் போச்சி. இப்ப என்ன ஸ்டோர்ஸ்ல போட்டுட்டாங்க." குரல் இறங்கியது. "கேம்ல குதிக்க முடியும். குதிச்சிகினே சுட முடியாது. ரெண்டுமே இந்த விரல்தான? அதான் தானா சுடுற கோடு போட்டேன்."

"உயிரு குறையாத கோடு?"

தலையைச் சொறிந்தார். "அது சும்மா. செத்துச் செத்து ஆடுனா நீங்க சிரிப்பீங்கன்னு."

"டம்ளர ரெண்டு கையால வாங்குனீங்களே."

"ஒரு கையில வாங்கனா நழுவிடும்."

"எங்கம்மா அத மரியாதன்னு தெரு முழுக்க சொல்லிகினு கீது."

அவருக்குச் சிரிப்பு வந்தது, ஆனால் என் முகத்தைப் பார்த்து அடக்கிக்கொண்டார்.

நான் விடவில்லை. ப்ரெஸ்ஸில் எப்படிக் கை மாட்டும்? தகட்டை அழுத்தி வடிவமாக்கும் அந்த மெஷினில் இரண்டு பட்டன்கள் இருக்கும். இரண்டையும் இரண்டு கைகளால் சேர்த்து அழுத்தினால்தான் மேலிருந்து அழுத்தும் பாகம் இறங்கும். கை உள்ளே இருக்கக் கூடாது என்பதற்காகவே அப்படிச் செய்திருக்கிறார்கள். பழைய மெஷின்களில் ஆட்கள் ஒரு வேலை பார்ப்பார்கள். ஒரு பட்டனை அழுத்தி அதன் மேல் டேப் ஒட்டிவிடுவார்கள். ஒரு கை சும்மா கிடைக்கும், தகடு வைக்க எடுக்க வேகமாகும், டார்கெட் சீக்கிரம் முடியும். இது தெரியாத ஆள் எங்கள் பேட்டையில் இல்லை. வாய்விட்டுச் சொல்கிற ஆளும் இல்லை.

"டேப்பா?" என்றேன்.

தலையை ஆட்டினார். "நான்தான் ஒட்டனேன். பட்டன் சிக்கிகிச்சின்னு கம்பெனியில சொன்னேன். ஊட்லயும் அதான் சொன்னேன்."

வெயில் சுட்டது. எனக்கு இரக்கம் வந்தது. கூடவே எண்ணிக்கையும் ஓடியது. என்னிடம் ஒரு பொய், கம்பெனியில் ஒன்று, அவர் வீட்டில் ஒன்று. இது எங்கே போய் நிற்கும் என்று யாரால் சொல்ல முடியும்?

"ஞாயித்துக்கெழம எங்க வீட்டுக்கு வாங்க" என்றேன். "எங்க நைனா முன்னாடி நீங்களே சொல்லுங்க. நான் எடுத்துக் குடுக்க மாட்டேன், உங்களுக்காகப் பேசவும் மாட்டேன். அதுக்கப்புறம் பாக்கலாம்."

விரலைப் பற்றி அவர் சொல்லிவிடுவார் என்று எனக்குத் தெரியும். அது கண்ணுக்குத் தெரிகிற காயம். டேப்பைச் சொல்வாரா என்பதுதான் என் சந்தேகம். வீட்டில் எதையும் சொல்லாமல் காத்திருந்தேன்.

ஞாயிற்றுக்கிழமை வந்தார். அம்மா காபி கொண்டுவந்தாள். இரண்டு கையால் வாங்கினார், குடிக்காமல் கீழே வைத்தார். கையை நீட்டிக் காட்டிச் சொன்னார். அம்மா பதறிப்போனாள். "ஐயோ சாமி! ஏம்பா, வேல செய்யற எடத்துல பட்டதுதான? இதப் போயி மறைப்பாங்களா? மெஷின் மேல தப்பு, நீ இன்னா பண்ணுவ?"

தப்பிக்க இதைவிட நல்ல வாசல் யாருக்கும் திறக்காது. ஆமாம் என்று சொல்லி அவர் வெளியே போய்விட்டிருக்கலாம். நான் அவர் முகத்தைப் பார்க்காமல் காபி ஆடை கட்டுவதைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

"மெஷின் மேல தப்பு இல்ல மாமா" என்று நைனாவைப் பார்த்துச் சொன்னார். "பட்டன்ல டேப்பு ஒட்டிருந்தேன். நான்தான் ஒட்டனேன்."

அம்மாவுக்குப் புரியவில்லை, இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

"எந்தப் பட்டன?" என்றார் நைனா.

"வலது."

நைனா தன் வலது கையை மடியில் திருப்பிப் பார்த்தார். "நாங்களும் வலதுதான் ஒட்டுவோம்" என்றார் மெதுவாக. இத்தனை வருஷத்தில் அவர் அதை எங்களிடம் சொன்னதில்லை. பிறகு அம்மாவிடம், "காபி ஆறிப்போச்சி பாரு, வேற போட்டுக் குடு" என்றார்.

அந்த வாரம் பத்திரிகை அச்சுக்குப் போனது. நைனா என்னைக் கேட்டார், நான் சரி என்றேன். கேட்டது எனக்குப் பிடித்திருந்தது.

அந்த ஞாயிற்றுக்கிழமை அவர் கிளம்புவதற்கு முன் அவர் போனை வாங்கி எமுலேட்டரைத் திறந்தேன். சீட் கோடு பக்கத்துக்கு முதல்முறையாக உள்ளே போனேன். இரண்டு கோடு போட்டு வைத்திருந்தார். இரண்டையும் எடுத்தேன். போனை நடுவில் பிடித்துக்கொண்டோம். நடப்பது அவர் இடது கை, குதிப்பதும் சுடுவதும் என் வலது கை. அருவி வரைகூடப் போகவில்லை, முதல் பள்ளத்திலேயே சிப்பாய் விழுந்து செத்தான்.

"இன்னாங்க, நீங்க குதிக்கவே இல்ல."

"நீங்க சொல்லாம ஓடிக்கினே இருந்தா நான் எப்ப குதிக்கறது?"

இப்போது கல்யாணம் முடிந்துவிட்டது. அந்த அருவியை இன்னும் தாண்டவில்லை. ஒவ்வொரு முறையும் ஆடத் தொடங்கும் முன் நான் அந்தப் பக்கத்தைத் திறந்து பார்த்துவிடுவேன். அவர் பக்கத்தில் உட்கார்ந்து, நான் பார்த்து முடிக்கும்வரை காத்திருப்பார்.