எதிரணியில் ஓர் ஓடை

சென்ற வாரம் சேலத்தில் ஒரு பேச்சுப் போட்டி. மேடையேறி, தொண்டையைச் செருமி, நடுவர்களை வணங்கினேன். ஒலிபெருக்கி இரைந்தது. அவையினர் முகம் சுளித்தார்கள். எனக்கோ மனம் குளிர்ந்தது. நண்பரே, அது மலைமேல் வாழவந்திக்குக் கீழே எங்கள் ஊர் ஓடை ஆடி மாதத்தில் எழுப்பிய அதே குரல்!

என் முதல் எதிரணி அந்த ஓடைதான். மலையிலிருந்து பாய்ந்து வரும் நீர், அவ்விடத்தில் மட்டும் கொஞ்சம் சமதரை கண்டு கால் நீட்டிப் படுக்கும். அந்தச் சமதரை முழுவதும் காடு: நீர்மருது, நாவல், அத்தி. மழைக்காலந்தோறும் வெள்ளம் கரையேறி மரங்களுக்கிடையே பரவி, வண்டலைப் படியவிட்டுப் போகும். அந்த ஈரத்தில்தான் மருதங்கன்றுகள் முளைக்கும். இக்கரையில் நின்று நான் முழங்குவேன். அக்கரையில் தோழி ரஹ்மத், நாவற்பழம் தின்று நீலம் பாரித்த நாக்குடன் நடுவராக வீற்றிருப்பாள். நீரிரைச்சலை மீறி என் சொல் கேட்டால் கை தூக்கவேண்டும் என்பது விதி. பெரும்பாலும் அடுத்த பழத்துக்குத்தான் அவள் கை போகும்.

பிறகு பாலத்தருகே சந்தித்துத் தீர்ப்புக் கேட்பேன்.

“என்னடி, ஒண்ணுமே கேக்கலையா?”

“வாய் நொம்ப நல்லா அசைஞ்சுதுடி!”

அந்தக் காட்டின்மீதே ஒருநாள் வழக்கு வந்தது. எங்கள் ஊருக்குள் பஸ் வராது. வந்தால் திரும்ப இடமில்லை. மேட்டுச் சாலையில் இறங்கி, மூட்டையைத் தலையில் சுமந்துதான் வீடு சேரவேண்டும். மலையில் சமதரை என்பது பாலைவனத்தில் பந்தல் போன்றது. எங்களுக்கு வாய்த்த ஒரே பந்தலில் காடு குடியிருந்தது. காட்டை வெட்டினால் பஸ் வரும் என்று ஊர் பேசியது. முன்னின்றவர் மளிகைக்கடைக் காதர் மாமா, ரஹ்மத்தைப் பெற்ற அத்தா. ஊரிலேயே அதிக மூட்டை கண்ட தலை அவருடையது. அவர் பக்கத்து நியாயம் எனக்குத் தெரியும்; தெரிந்தால்தானே மறுக்க முடியும்?

ஐப்பசியில் ஊர்க்கூட்டம் கூடியது. எங்கே? அந்தக் காட்டில்தான். நாற்காலி ஆடாமல் நிற்க வேறு சமதரை ஏது!

காட்டுக்காக நான் எழுந்தேன். “அவையோரே! வெள்ளம் நம் பகை. இக்காடு நம் கோட்டை. கோட்டையை இடித்துப் பகைவனுக்கு வாசல் திறப்பதா?” என்று கேட்டு, கைதட்டலுக்கு இடைவெளி விட்டேன். அவையோர் கைகளுக்குப் பதிலாகக் கால்களைத் தூக்கினார்கள்.

மேல்மலையில் பெய்த மழை எங்களிடம் சொல்லாமல் வந்திருந்தது. கரையில் செந்நிறமாக உறுமிய வெள்ளம், வேர்களுக்கிடையே நுழைந்ததும் உறுமலை விட்டு, தரை முழுதும் பரவி, கணுக்காலளவில் நின்றது. காதர் மாமாவின் செருப்பு ஒன்று அமைதியாக அவையை விட்டு வெளிநடப்புச் செய்தது.

மாமா நாற்காலிமேல் ஏறி நின்றார். “ஏனுங்க, இங்க பஸ்ஸு திரும்பறதுக்கு முன்னால படகுதானுங்க திரும்பும்!”

கூட்டம் சிரித்தது. அவர் சிரிக்காமல், கீழேயிருந்த வீடுகளைப் பார்த்தார். “இந்த மரமெல்லாம் இல்லீன்னா, இது நேரா நம்ம ஊட்டுக்குள்ளதானுங்க வந்திருக்கும்.” பிறகு என் பக்கம் திரும்பினார். “கண்ணு, நீ பேசுனது பாதி புரியலை. தண்ணி பேசுனது நல்லாப் புரிஞ்சுது.”

காடு தப்பியது. பஸ் திரும்ப, மேலே சாலை வளைவில் ஓர் எஸ்டேட்காரர் தம் நிலத்தில் ஒரு மூலையைக் கொடுத்தார். பஸ் வந்தது, மாமாவின் தலை ஓய்ந்தது. பஸ்ஸில் சுற்றுலாப் பயணிகள் வந்தார்கள்; அவர்களுக்காக மேட்டில் விடுதி வந்தது. மாமா சொன்ன படகும் வந்தது, காட்டுக்கு மேலே ஓடையை மறித்து விடுதிக்காரர் கட்டிய குளத்தில்.

போட்டி முடிந்த கையோடு ஊருக்குப் போனேன். மரங்கள் வஞ்சகமில்லாமல் வளர்ந்து நிற்கின்றன. அடியில் சருகுதான், வண்டல் இல்லை, ஒரு மருதங்கன்று இல்லை. விடுமுறைக்கு வந்திருந்த ரஹ்மத், பழைய வழக்கப்படி அக்கரைக்குப் போய் அமர்ந்தாள். நான் தொண்டையைச் செருமினேன். உடனே கை தூக்கினாள்.

“இன்னும் ஆரம்பிக்கவே இல்லையேடி!”

“நீ மூச்சு வாங்கறதே கேக்குதுடி,” என்றாள்.